எக்கோ மெஷினே இல்லாம மான்டோவானி வயலின் சவுண்ட் எழுதுறது எப்படி

பழைய லைட் ஆர்கெஸ்ட்ரா ரெக்கார்டு ஏதாவது ஒண்ணு கேட்டிருந்தாலே போதும், நான் எந்த சவுண்ட சொல்றேன்னு புரிஞ்சிரும். வயலின் எல்லாம் ஒண்ணு மேல ஒண்ணு வழிஞ்சு இறங்குற மாதிரி இருக்கும், ஒரு ஸ்வரம் முடியுறதுக்குள்ளயே அடுத்தது வந்துரும், ஆனா முந்தினது போயிருக்காது, பின்னாடி நின்னுகிட்டு மெதுவா கரைஞ்சுகிட்டிருக்கும். கேஸ்கேடிங் ஸ்ட்ரிங்ஸ்னு பேரு, மான்டோவானி ஆர்கெஸ்ட்ராவோட முத்திரையே அதுதான். ரொம்ப வருஷம் நான் இத எக்கோ மெஷின் வேலைன்னே நினைச்சுட்டு இருந்தேன். கீபோர்டுல ஸ்ட்ரிங்ஸ் டோன் போட்டு ரீவெர்ப்ப, அதாவது எதிரொலி எஃபெக்ட்ட, முழுசா திருகிவிட்டு வாசிச்சா பாத்ரூமுக்குள்ள நாலு பேரு சேந்து பாடுற மாதிரி இருந்துச்சே தவிர அது வரல. சஸ்டெய்ன் பெடல மிதிச்சுப் பாத்தேன், சேறு. அப்புறம்தான் விஷயம் தெரிஞ்சுது, அந்த எதிரொலி பேப்பர்ல இருக்கு. எழுதும்போதே எதிரொலியயும் சேத்து எழுதிட்டாரு மனுஷன்.

அந்த மனுஷன் மான்டோவானி இல்ல. ரொனால்ட் பிஞ்ச். பேரக் கேட்டா நமக்கு வெள்ளரிப்பிஞ்சுதான் ஞாபகம் வரும், ஆனா ஆளு நல்லா முத்தின அரேஞ்சர், அதாவது ஒரு மெட்ட எந்த வாத்தியம் எப்படி வாசிக்கணும்னு பிரிச்சு எழுதுறவரு. இங்கிலாந்துல டெர்பிங்கற ஊர்ல 1910ல பொறந்தவரு, சின்ன வயசுல பேசாத படம் ஓடுன தியேட்டர்ல ஆர்கன் வாசிச்சவரு, 1935ல மான்டோவானி கிட்ட சேந்து அக்கார்டியன் வாசிச்சுகிட்டே அரேஞ்ச்மென்டும் எழுத ஆரம்பிச்சாரு. மான்டோவானி 1905ல வெனிஸ்ல பொறந்தவரு, அப்பா மிலான்ல லா ஸ்காலாங்கற ஆபரா அரங்குல, ஆர்கெஸ்ட்ராவ நடத்துன டோஸ்கானினி கைக்குக் கீழ வயலின் வாசிச்சவரு, குடும்பம் 1912ல இங்கிலாந்துக்கு வந்துருச்சு. 30கள்ல டிபிகா ஆர்கெஸ்ட்ரான்னு சின்ன செட்டு, ரெஸ்டாரன்ட் வாசிப்பு, ரேடியோ, அப்புறம் நாடகக்காரர் நோயல் கவர்டோட மேடை நாடகத்துக்கு மியூசிக் டைரக்டர்னு போச்சு. நடுவுல யுத்தம் வந்து பிஞ்ச் விமானப்படைக்குப் போயிட்டு வந்தாரு. 1951ல அமெரிக்காவுல விக்கிறதுக்கு வால்ட்ஸ் பாட்டா ஒரு ஆல்பம் போடணும், ஸ்ட்ரிங்ஸ் நிறைய இருக்கணும், கேட்டவுடனே இது நம்ம ஆர்கெஸ்ட்ரான்னு தெரியணும், அப்படின்னு வந்தப்போ பிஞ்ச் எழுதிக் குடுத்ததுதான் சார்மெய்ன். மெட்டு புதுசு இல்ல, 1926ல பேசாத படம் ஒண்ணுக்காக எர்னோ ராப்பியும் லூ பொலாக்கும் போட்டது. ஏற்கனவே ஊர் பூரா பாடிச் சலிச்ச மெட்டு பத்து லட்சத்துக்கு மேல வித்துச்சுன்னா அது முழுக்க அரேஞ்ச்மென்ட் பண்ண வேலை.

ஐடியா எங்கேந்து வந்துச்சுன்னா மான்டிவெர்டி, அதாவது வெனிஸ்ல சான் மார்கோ சர்ச்சுல 1600கள்ல மியூசிக் பண்ணவரு. அந்த மாதிரி பெரிய கல் கட்டடத்துக்குள்ள பாடினா ஒவ்வொரு ஸ்வரமும் மேல போய் தொங்கிகிட்டு அடுத்த ஸ்வரத்தோட கலக்கும்ல, அத ஒரு சாதாரண ஸ்டூடியோவுக்குள்ள ஆளுங்கள வச்சே கொண்டு வரணும்னு பிஞ்ச் யோசிச்சிருக்காரு. தியேட்டர் ஆர்கன் வாசிச்ச காதுக்குத்தான் இது தோணும்னு எனக்கு ஒரு எண்ணம்.

சரி, வேலைக்கு வருவோம். உங்களுக்கு வேண்டியது, தனித்தனியா ஒரு ஏழு ட்ராக் போட முடியுற எந்த மியூசிக் சாஃப்ட்வேரா இருந்தாலும் சரி, ஒரு சுமாரான வயலின் சவுண்ட், அவ்ளோதான். விலை உயர்ந்த லைப்ரரி, அதாவது நிஜ வாத்தியத்த ஸ்வரம் ஸ்வரமா பதிவு பண்ணி வச்ச சாம்பிள் தொகுப்பு, இருந்தா நல்லது, இல்லேன்னா ஒண்ணும் குடி முழுகிறாது.

மொதல்ல சார்மெய்ன ஹெட்ஃபோன்ல நாலஞ்சு தடவ கேளுங்க. 1951 பதிவு மோனோ, பின்னாடி ஸ்டீரியோவுலயும் திரும்ப பதிவு பண்ணிருக்காங்க, ரெண்டும் கிடைக்கும், மொதல்ல மோனோவே கேளுங்க ஏன்னா இடது வலது வித்தை எதுவும் இல்லாம அந்த சவுண்ட் எப்படி நிக்குதுன்னு அதுலதான் தெரியும். கேக்கும்போது மெட்ட கேக்காதீங்க, ஒரே ஒரு ஸ்வரத்த புடிச்சுகிட்டு அது எப்ப சாகுதுன்னு மட்டும் பாருங்க. அது அடுத்த ஸ்வரம் வந்தவுடனே சாகாது, அதுக்கும் அடுத்தது வர்ற வரைக்கும் உயிரோட இருக்கும். இத உங்க காது புடிச்சிருச்சுன்னா பாதி வேலை முடிஞ்சுது.

அடுத்து மெட்டு. எல்லா மெட்டும் இதுக்கு ஒத்து வராது. ரொம்ப நீளமான ஸ்வரமா நிக்கிற மெட்டுல வழியுறதுக்கு ஒண்ணுமே இல்ல, கடகடன்னு ஓடுற மெட்டுல எல்லாம் கலந்து கூழாயிரும். பீட்டுக்கு ஒரு ஸ்வரம்னு போற, மேலேந்து கீழ இறங்குற மெட்டுதான் இதுக்குன்னே பொறந்தது. டெம்போவும் கணக்கு இருக்கு. 90 டெம்போவுல ஒரு பீட் ஏறக்குறைய 0.67 வினாடி, ஒரு ஸ்வரத்த மூணு பீட் புடிச்சா 2 வினாடி, பெரிய மண்டபத்துக்குள்ள நிக்கிற மாதிரி ஒரு ஃபீல் வரும். அதே மூணு பீட் 140 டெம்போவுல 1.3 வினாடிகூட வராது, மண்டபம் சுருங்கிப் போய் சின்ன ஹால் ஆயிரும். வேகமான பாட்டுக்குத்தான் பண்ணுவேன்னு அடம் புடிச்சா நாலு குரூப் பத்தாது, ஆறா பிரிக்கணும், எதுக்கு அந்தத் தலைவலி.

இப்பதான் முக்கியமான இடம். வயலின்காரங்கள நாலு குரூப்பா பிரிங்க. மெட்டுல மொத ஸ்வரம் மொத குரூப்புக்கு, ரெண்டாவது ரெண்டாவதுக்கு, மூணு மூணுக்கு, நாலு நாலுக்கு, அஞ்சாவது திரும்ப மொத குரூப்புக்கு. சீட்டுக்கட்டு போடுற மாதிரி வரிசையா போட்டுகிட்டே போங்க. ஒவ்வொரு குரூப்பும் தன்னோட ஸ்வரத்த ஒரு பீட்டோட விட்டுறாம மூணு பீட் புடிச்சுகிட்டு, ஒரு பீட் மூச்சு விட்டுட்டு, அடுத்த ஸ்வரத்துக்கு வரணும். சங்கராபரணம் மேல் ச லேந்து இறங்குதுன்னு வச்சுக்குங்க, பீட்டுக்கு ஒண்ணு, ச நி த ப ம க ரி ச. பிரிச்சா இப்படி வரும்:

மொத குரூப்: 1வது பீட்ல மேல் ச, 5வது பீட்ல ம
ரெண்டாவது: 2வது பீட்ல நி, 6வது பீட்ல க
மூணாவது: 3வது பீட்ல த, 7வது பீட்ல ரி
நாலாவது: 4வது பீட்ல ப, 8வது பீட்ல கீழ் ச

இத பாத்தீங்கன்னா ஒரு விஷயம் தெரியும், முழு மெட்ட யாருமே வாசிக்கல. மூணாவது குரூப்புல உக்காந்திருக்கிறவருக்கு தன்னோட பேப்பர்ல த, அப்புறம் ரி, என்ன பாட்டுன்னே தெரியாது. மெட்டு உங்க காதுலதான் சேருது. அதனால தயவுசெஞ்சு "மெட்டு தெளிவா கேக்கட்டுமே"ன்னு மேல இன்னொரு ட்ராக்ல முழு மெட்டயும் வாசிச்சு வைக்காதீங்க, எல்லாரும் பண்ற தப்பு இதுதான், நானும் பண்ணேன். அந்த ஒரு ட்ராக் வந்தவுடனே காது சோம்பேறியாயி அத மட்டும் கேக்க ஆரம்பிச்சிரும், மத்த நாலும் பின்னாடி இருக்கிற இரைச்சல் ஆயிரும்.

சாஃப்ட்வேர்ல பண்றவங்களுக்கு சுலபமான வழி, மொதல்ல முழு மெட்டயும் ஒரே ட்ராக்ல வாசிச்சு பதிவு பண்ணுங்க, அத நாலு காப்பி எடுங்க, ஒவ்வொரு காப்பிலயும் அந்த குரூப்புக்கு இல்லாத ஸ்வரத்தயெல்லாம் அழிச்சுட்டு மிச்சம் இருக்கிறத மூணு பீட்டுக்கு இழுத்து விடுங்க. அஞ்சு நிமிஷ வேலை. ப்ளே பண்ணா கண்டிப்பா அசிங்கமா இருக்கும், பயப்படாதீங்க.

அசிங்கமா இருக்கிறதுக்கு ரெண்டு காரணம். ஒண்ணு, எல்லா ஸ்வரமும் ஒரே சத்தத்துல நிக்குது. நிஜ எதிரொலி அப்படி இருக்காது, அடிச்ச உடனே சத்தம் சடார்னு பாதியா குறையும், அப்புறம் மிச்சம் மெதுவா கரையும். அதனால ஒவ்வொரு ஸ்வரத்துக்கும் எக்ஸ்பிரஷன் கன்ட்ரோலர்ல, மிடி (MIDI) கணக்குல, அதாவது கீபோர்டும் கம்ப்யூட்டரும் பேசிக்கிற பாஷையில, அது 11ஆம் நம்பர், ஒரு கோடு வரைங்க. ஆரம்பத்துல 100, மொத பீட் முடியும்போது 60, மூணாவது பீட் முடியும்போது 30, அந்த ரேஞ்சு. நேர்கோடா போடாம கொஞ்சம் குழிஞ்ச வளைவா போடுங்க. இன்னொரு நுணுக்கம், எதிரொலில மொதல்ல காணாமப் போறது கூர்மையான மேல் சத்தம், அதனால சத்தம் குறையும்போதே டோனும் கொஞ்சம் மங்கணும். நிறைய லைப்ரரில மாடுலேஷன் வீல இறக்கினா ரெண்டும் சேந்து இறங்கும். நிஜ வயலின்காரங்களா இருந்தா, வில்ல கொஞ்சம் கொஞ்சமா விரல் பலகை பக்கம் நகத்திகிட்டே வாங்கன்னு சொன்னா புரிஞ்சுக்குவாங்க.

ரெண்டாவது காரணம் மோதல். சங்கராபரணத்துல நி பக்கத்துலயே ச, க பக்கத்துலயே ம, அரை ஸ்வர தூரம்தான், ரெண்டும் சேந்து நின்னா கடிக்கும். இங்கதான் அரேஞ்சரோட காது வேலை செய்யணும், எல்லாத்தயும் கண்ண மூடிகிட்டு மூணு பீட் இழுக்கிறது மெஷின் வேலை, எத இழுக்கணும் எத வெட்டணும்னு முடிவு பண்றதுலதான் ஆளு தெரியும். நான் வச்சிருக்கிற வழி, அந்த இடத்துல அடியில ஓடுற கார்டுக்குள்ள (சேந்து ஒலிக்கிற ஸ்வரக் கூட்டம்) இருக்கிற ஸ்வரம்னா முழு மூணு பீட், கார்டுக்கு வெளியில இருக்கிறதுன்னா ஒண்ணு இல்லேன்னா ஒன்றரை பீட்டோட வெட்டு. மேல சொன்ன இறக்கத்துல அடியில ச க ப கார்டு நிக்குதுன்னா ச, ப, க எல்லாம் நிக்கலாம், நி, த, ம, ரி எல்லாம் தலைய காட்டிட்டுப் போயிரணும். அப்பவும் மொத ச மேல நி வந்து லேசா உரசும், அந்த ச வோட வளைவ இன்னும் சீக்கிரமா இறக்கி விட்டீங்கன்னா அந்த உரசலே அழகா மாறிரும், முழுசா துடைச்சுட்டா சர்க்கரப்பாகு மாதிரி திகட்டும். கார்டு மாறுற பீட்ல மட்டும் தயவு தாட்சண்யமே வேண்டாம், புது கார்டுக்கு ஒத்து வராத வால் எதெல்லாம் தொங்குதோ எல்லாத்தயும் நறுக்கிருங்க.

அட்டாக், அதாவது ஸ்வரம் ஆரம்பிக்கிற விதம், அது பத்தி ஒரு வார்த்தை. ஸ்ட்ரிங்ஸ் பேட்னு வர்ற மெதுவா எழும்புற டோன் எதுவும் வேண்டாம், ஸ்வரம் ஆரம்பிக்கிறது தெளிவா இருந்தாத்தான் காது நாலு துண்டயும் கோத்து ஒரு மெட்டாக்கும். போர்டமென்டோ (ஸ்வரத்துக்கு ஸ்வரம் சறுக்குறது), லெகாட்டோ (விடாம சேத்து வாசிக்கிறது) ரெண்டயும் ஆஃப் பண்ணிருங்க, குரூப்புக்குள்ள ச லேந்து ம க்கு சறுக்கிகிட்டு வந்தா கதை கந்தல். அப்புறம் நாலு ட்ராக்லயும் ஒரே சாம்பிள் இருந்தா ஆர்கன் மாதிரி ஒட்டிக்கும், அதுக்கு ஒரு பழைய தந்திரம் இருக்கு, ஒரு ட்ராக்ல ஸ்வரத்த ரெண்டு செமிடோன் மேல எழுதி ட்யூனிங்க ரெண்டு செமிடோன் கீழ இறக்கிருங்க, சுருதி அதேதான் ஆனா சாம்பிள் வேற, வேற ஆளு வாசிக்கிற மாதிரி ஆயிரும். இன்னொண்ணுல அதயே தலைகீழா பண்ணுங்க.

வயலினுக்கு அடியில என்ன ஓடணும்னா, கம்மியா ஓடணும். வயோலா ரெண்டா பிரிஞ்சு கார்ட நீளமா புடிச்சுகிட்டா போதும், செல்லோ மெட்டு இறங்கும்போது மேல ஏறுற மாதிரி ஒரு மெதுவான எதிர் மெட்டு, பேஸ் வால்ட்ஸோட மொத பீட்ல மட்டும் விரலால ஒரு சுண்டு. ட்ரம்ஸ் வேண்டவே வேண்டாம். மேல அவ்ளோ ஸ்வரம் தொங்கிகிட்டிருக்கும்போது கீழ யாராவது பிஸியா ஓடினா ஜனங்க நெரிசல்ல மாட்டுன மாதிரி ஆயிரும். மான்டோவானி ஆர்கெஸ்ட்ரா ஏறக்குறைய 40 பேரு, அதுல பெரும்பங்கு ஸ்ட்ரிங்ஸ், மத்த வாத்தியமெல்லாம் கூப்பிட்டப்போ மட்டும் வர்ற விருந்தாளிங்க.

நிஜ வாசிப்பாளருங்கள வச்சு பண்றீங்கன்னா குரூப்புக்கு குறைஞ்சது மூணு பேர், அதாவது பன்னெண்டு வயலின். ஒத்த ஆளு ஒரு ஸ்வரத்த புடிச்சா அது சோலோவா கேக்கும், கும்பலா கேக்காது. அவ்ளோ பேர் இல்லேன்னா இருக்கிறவங்கள வச்சு நாலு தடவ தனித்தனியா பதிவு பண்ணி மேல மேல அடுக்கலாம். பேப்பர்ல ஒவ்வொரு குரூப்புக்கும் மேல சின்ன எழுத்துல முழு மெட்டயும் குறிப்பா போட்டுக் குடுங்க, இல்லேன்னா ஒத்திகையில ஒருத்தர் ஒரு பீட் தவறினா அவருக்கும் தெரியாது உங்களுக்கும் தெரியாது, பாட்டு மட்டும் நொண்டும்.

மிக்ஸிங்ல ரீவெர்ப்ப கடைசி வரைக்கும் தொடாதீங்க. ட்ரையா, எஃபெக்ட் எதுவும் இல்லாம, கேக்கும்போதே வழியணும், அது வந்ததுக்கு அப்புறம் ஒரு சின்ன ரூம் ரீவெர்ப், உப்பு போடுற மாதிரி. பேன் (pan), அதாவது இடது வலதுல எங்க வைக்கிறதுங்கற விஷயத்துல, நாலு குரூப்பயும் இடதுலேந்து வலதுக்கு 1, 3, 2, 4ன்னு கலைச்சுப் போடுங்க, 1 2 3 4ன்னு நேரா போட்டா சத்தம் ரூமுக்குள்ள நடந்து போற மாதிரி இருக்கும், மொத தடவ ஜாலி, நாலாவது தடவ தலை சுத்தும். இந்த அரேஞ்ச்மென்ட் ஸ்டீரியோவுக்குன்னு எழுதினதே இல்ல, ஆனா 1958 வாக்குல ஸ்டீரியோ ரெக்கார்டு கடைக்கு வந்தப்போ புது பிளேயர் வாங்கினவங்க எல்லாம் அத போட்டுக் காட்டுறதுக்கு இந்த ஆர்கெஸ்ட்ராவத்தான் தேடிப் போனாங்க. டெக்கா கம்பெனியோட பதிவுத் தரமும் சேந்துகிச்சு, ஆர்தர் லில்லின்னு ஒரு இன்ஜினியர் அந்த ஸ்ட்ரிங்ஸ அவ்ளோ பட்டு மாதிரி புடிச்சிருப்பாரு. 1959ல அமெரிக்க டாப் 30ல ஒரே நேரத்துல மான்டோவானியோட ஆறு ஆல்பம் இருந்துச்சு. பத்து லட்சம் ஸ்டீரியோ ரெக்கார்டு வித்த மொத ஆளு அவர்தான்.

எல்லா இடத்துலயும் இத போடாதீங்கன்னு சொல்றதுக்கும் அவங்க கதையிலயே ஆதாரம் இருக்கு. 1953 ஆகஸ்ட்ல பிரிட்டிஷ் சார்ட்ல நம்பர் ஒன் வந்த மொத இன்ஸ்ட்ருமென்டல் மான்டோவானியோட மூலான் ரூஜ் பட மெட்டு, அதுல முன்னாடி வந்து நிக்கிறது அக்கார்டியன். ஆனா ஜனங்க வயலின் அருவியத்தான் கேட்டாங்க, பிஞ்ச் விலகிப் போனதுக்கு அப்புறமும் செசில் மில்னர் மாதிரி மத்த அரேஞ்சருங்க அந்த ஃபார்முலாவ வருஷக்கணக்கா எழுதினாங்க, சில ரெக்கார்டுல பாட்டு ஆரம்பிச்சதுலேந்து முடியுற வரைக்கும் வழிஞ்சுகிட்டே இருக்கும், எனக்கு அதெல்லாம் ரெண்டு பாட்டுக்கு மேல முடியாது. பல்லவி மாதிரி திரும்ப வர்ற பகுதில மட்டும் வழியவிட்டு, நடுப்பகுதில எல்லா வயலினும் சேந்து ஒரே மெட்ட நேரா வாசிக்கட்டும், அப்பதான் திரும்ப வழியும்போது ஒரு சிலிர்ப்பு வரும்.

பிஞ்ச் அவரே என்ன பண்ணாருன்னு பாருங்க. தான் கண்டுபிடிச்ச வித்தையயே கட்டிகிட்டு அழல. 1951ல ஒரு மெட்டு எழுதி அதுக்கு ஆன்டான்டே கான்டாபிலேன்னு சாதாரணமா பேரு வச்சிருந்தாரு, மறு வருஷம் எலிசபெத் ராணி பட்டத்துக்கு வந்த சமயம் பேர எலிசபெத்தன் செரனேட்னு மாத்தினாங்க, 1957ல அதுக்கு ஐவர் நொவெல்லோ விருது, பிரிட்டன்ல பாட்டு எழுதுறவங்களுக்கு குடுக்கிறது. 1963ல எழுதின செய்லிங் பை, ராத்திரி பிபிசி ரேடியோவுல கப்பல்காரங்களுக்கு வானிலை அறிக்கை வாசிக்கிறதுக்கு முன்னாடி வர்ற மெதுவான வால்ட்ஸ். இந்த ரெண்டயும் கேளுங்க, அருவிய மெயினா நம்பாம மெட்டையும் கலரையும் வச்சே ஸ்ட்ரிங்ஸ எப்படி மிதக்க விடுறாருன்னு தெரியும். நீங்க எழுதுற நடுப்பகுதிக்கு பாடம் அங்கதான்.

எழுதி முடிச்சதும் ஒரு டெஸ்ட் இருக்கு, மொத எட்டு பார் மட்டும் எடுத்துக்குங்க. மொபைல் ஸ்பீக்கர்ல மோனோவா போட்டு மெட்டு கோர்வையா கேக்குதான்னு பாருங்க. கேட்டுச்சுன்னா இப்ப மூணாவது குரூப்ப மட்டும் மியூட் பண்ணுங்க. மெட்டுல ஒவ்வொரு நாலு ஸ்வரத்துக்கும் ஒரு ஓட்டை விழுந்து பல்லு போன சிரிப்பு மாதிரி இருக்கணும். அப்படி விழலேன்னா எங்கயோ ரெண்டு குரூப்புக்கு ஒரே ஸ்வரத்த குடுத்திருக்கீங்க, இல்லேன்னா அந்த காப்பி எடுத்த முழு மெட்டு ட்ராக்க அழிக்க மறந்துட்டீங்க, போய் அத மொதல்ல அழிங்க.